புரவி எடுப்பு முதல் ஓரியூர் வரை: நம்ம பக்கத்துச் சாமிகளைப் படம் எடுக்கப் போகிறேன், யோசனை சொல்லுங்கள்

வெளிச்சக்காரன்

எல்லோருக்கும் வணக்கம். சொந்த ஊர் காரைக்குடி. சென்னையில் சினிமா கேமரா அசிஸ்டெண்டாக இருந்துவிட்டு, இப்போது தனியாக ஒளிப்பதிவு செய்கிறேன். ஊர்ப் பக்கம் ஒரு வருடம் தங்கி ஆவணப்படம் எடுக்கலாம் என்று இறங்கியிருக்கிறேன். நகரத்தார் வீட்டுப் பிள்ளையார் நோன்பு, ஐயனார் கோயிலுக்கு மண்குதிரை செய்து தூக்கிப் போகும் புரவி எடுப்பு, தர்கா சந்தனக்கூடு, ஓரியூர் அருளானந்தர் திருவிழா, தைப்பூசத்துக்குக் குன்றக்குடியில் கூடிப் பழனிக்கு நடக்கும் காவடி, அதே குன்றக்குடியில் சமணர் படுக்கையும் பழந்தமிழ் எழுத்தான தமிழியும் இருக்கும் ஞானியார் மலை. காலையில் கிளம்பினால் ராத்திரி சாப்பாட்டுக்கு வீட்டுக்கு வந்துவிடும் தூரத்தில் இத்தனையும் இருக்கின்றன.

பணம் போடுகிறவர் சென்னைக்காரர். கடைசி ஷாட்டை இப்போதே முடிவு செய்துவிட்டார். கோபுரம், மினாரா, சிலுவை மூன்றும் ஒரே பிரேமில், டிரோன் மேலே ஏறுகிறது, பின்னால் புல்லாங்குழல். எனக்கு மனசே இல்லை. ஆனால் வேண்டாம் என்று சொல்ல அவருக்குப் புரிகிற மாதிரி ஒரு காரணம் வேண்டும். அப்புறம், அனுமதியை யாரிடம் கேட்பது? விளக்கு வெளிச்சத்தில் எடுத்துப் பழகியவர்கள் இருந்தால் அதையும் சொல்லுங்கள்.

தேவகோட்டை வீடியோ

தம்பி, அந்த ஷாட்டுக்குக் காரணம் நான் தருகிறேன். மூன்றும் ஒரே பிரேமில் பக்கம் பக்கமாகத் தெரிய வேண்டும் என்றால் தூரத்தில் நின்று டெலி லென்ஸ் போட்டு நசுக்க வேண்டும். டிரோனில் இருக்கும் வைடு லென்ஸில் எடுத்தால் மூன்றும் மூன்று மூலையில் புள்ளியாகக் கிடக்கும். ஒன்று பொய்யாக வரும், இல்லையென்றால் எடுபடாது. இதை அவரிடம் சொல், கணக்கு புரியும்.

அனுமதிக்கு ஒரே கதவு கிடையாது. அறநிலையத் துறைக் கோயில் என்றால் செயல் அலுவலரிடம் எழுதிக் கொடுக்க வேண்டும். பிள்ளையார்பட்டி, வைரவன்பட்டி, இரணியூர் மாதிரி நகரத்தாரின் ஒன்பது கோயில்களுக்கு அந்தந்தக் கோயில் டிரஸ்டிகள். குன்றக்குடி என்றால் ஆதீனம். சில கோயில்கள் சிவகங்கை தேவஸ்தானத்தின் கீழ் வரும். 2022 டிசம்பரில் கோயில்களுக்குள் செல்போன் கூடாது என்று உயர் நீதிமன்ற மதுரைக் கிளை சொன்ன பிறகு வாசலிலேயே கெடுபிடி. போனுக்கே அப்படி என்றால் கேமராவைப் பற்றிச் சொல்ல வேண்டியதில்லை. கருவறைப் பக்கம் லென்ஸைத் திருப்பவே திருப்பாதே, யார் கடிதம் கொடுத்திருந்தாலும் சரி.

இது காகித அனுமதி. ஊர்க் கோயிலில் காகிதத்தை யாரும் பார்க்க மாட்டார்கள். முதலில் ஊர்த் தலைவரான அம்பலகாரர் வீட்டுக்குப் போ. அப்புறம் பூசாரி, அப்புறம் சாமியாடி. மூவரும் சரி என்ற பிறகும், திருவிழா அன்று பனியன் போட்ட ஒரு பையன் வந்து ‘யாரைக் கேட்டு எடுக்குறே’ என்பான். அவனிடமும் கேட்க வேண்டும். நான் கல்யாணம், காதுகுத்து, முளைப்பாரி என்று எடுத்தே முடி நரைத்தவன். ஒரே திருவிழாவில் அனுமதியை மறுபடி மறுபடி வாங்கித்தான் ஆக வேண்டும், அதற்குச் சலித்துக்கொள்ளாதே.

பள்ளத்தூர் பேத்தி

பிள்ளையார் நோன்பு எடுக்கப் போவதாகச் சொன்னதால் வந்தேன்.

திருக்கார்த்திகையிலிருந்து இருபத்தொரு நாள். புது வேட்டியிலிருந்து நாளுக்கு ஒரு நூல் எடுத்து வைப்போம். கடைசி நாள் சஷ்டியும் சதயமும் கூடும் நேரத்தில் அந்த இருபத்தொரு நூலையும் திரித்துத் திரியாக்கி, வெல்லம் போட்டுப் பிசைந்த மாவில் பிள்ளையார் பிடித்து அதில் செருகி நெய் விட்டு ஏற்றுவார்கள். வீட்டில் மூத்தவர் அந்த எரிகிற மாவை எடுத்து ஒவ்வொருவருக்கும் கொடுப்பார். சுடரோடு வாயில் போட்டுக்கொள்ள வேண்டும். இதைத்தான் இழை எடுப்பது என்போம். எங்கள் ஐயாவுக்குக் கை நடுங்கும், ஆனால் சுடர் அணையாது. சின்னப் பிள்ளைகள் பயந்து கண்ணை மூடிக்கொண்டு வாயைத் திறப்பார்கள். அம்மா பின்னால் நின்று தலையைப் பிடித்துக்கொள்வாள். ஒரு ஆளுக்கு மூன்று நாலு விநாடிதான் கிடைக்கும். ‘இன்னொரு தடவை’ என்று சொல்ல முடியாது, ஒருவருக்கு ஒரு இழைதான். இதைப் பிடிக்க முடிந்தால் பிடியுங்கள்.

ஒரு வேண்டுகோள். பர்மாத் தேக்குத் தூண், ஆத்தங்குடிக் கல், பெல்ஜியம் கண்ணாடி என்று ஆரம்பித்துவிடாதீர்கள். எங்கள் வீட்டுக்கு வருகிற கேமரா எல்லாம் முகப்பிலும் வளவிலும் தூணைச் சுற்றியே அலைகிறது. நோன்பு கும்பிடுகிற ஆயாவின் (பாட்டியின்) முகத்தை இதுவரை ஒருவரும் எடுத்ததில்லை. கோலாலம்பூரிலும் சிங்கப்பூரிலும் மண்டபம் பிடித்து இதே இழையைத்தான் எடுத்துக்கொள்கிறோம். அங்கே தூணும் கிடையாது, ஆத்தங்குடிக் கல்லும் கிடையாது.

வெளிச்சக்காரன்

பேத்தி, நன்றி. தூணைத் தொடமாட்டேன். உங்கள் வீட்டில் அனுமதி கேட்டுத் தனியாக எழுதுகிறேன்.

ஒலிப்பெட்டி

படத்தைப் பற்றியே பேசுகிறீர்களே, சத்தம்?

நம் ஊர்த் திருவிழாவில் ஒலிப்பதிவுக்குப் பெரிய எதிரி மைக்செட்தான். பனைமரத்தில் குழாய் கட்டி அம்மன் பாட்டும் சினிமாப் பாட்டும் போட்டுவிடுவார்கள். குலவை, தவில், பறை, சாமி கேட்கிற குரல் எல்லாவற்றுக்கும் அடியில் அந்தப் பாட்டு ஓடும். அதைத் தனியே பிரிக்க முடியாது. படத்தை எங்கேயாவது ஏற்றினால் பாட்டு கம்பெனி உரிமை கேட்டு வரும், உங்கள் நல்ல ஷாட் முழுக்க ஊமையாகிவிடும்.

நான் செய்வது இது. மைக்செட்காரரை முதல் நாளே பார்த்து டீ வாங்கிக் கொடுத்து, எந்த நேரத்தில் நிறுத்துவார் என்று கேட்டுக்கொள்வேன். பெரும்பாலும் சாமி அழைக்கும்போது நிறுத்துவார்கள். விடிகாலை ஆள் வருவதற்கு முன்னால் போய்க் கோயிலின் வெறும் சத்தத்தைக் கொஞ்ச நேரம் பதிவு செய்வேன். பூசாரிக்குச் சட்டை இல்லை, காலர் மைக்கை எங்கே மாட்டுவது? வேட்டி மடிப்பில் வைத்தால் உடுக்கை அடிக்கும்போது உரசும். பூம் பிடிக்க ஒரு ஆளை வையுங்கள். அவன் உயரமாக இருப்பது நல்லது, அதைவிட முக்கியம் யார் காலையும் மிதிக்காதவனாக இருப்பது.

கண்மாய்க்கரை

நான் மண்ணில் சிலையும் பானையும் செய்யும் வேளார் வீட்டுப் பையன். இப்போது வேறு வேலையில் இருக்கிறேன், பெரியப்பா இன்னும் புரவி செய்கிறார்.

புரவி எடுப்பு எடுக்க வருகிறவர்கள் எல்லாம் ஊர்வலத்து அன்று வருகிறார்கள். குதிரையை மூங்கிலில் கட்டித் தோளில் தூக்கி ஓடுவதையும் புழுதியையும் எடுத்துக்கொண்டு பஸ் ஏறிவிடுகிறார்கள். புரவி தொடங்குவது பிடிமண்ணில். ஊர்ப் பெரியவர்கள் ஒரு பிடி மண்ணை வெற்றிலை பாக்கு, பணத்தோடு வைத்து வேளார் கையில் கொடுப்பார்கள். அதை வாங்கினால் அந்த வருடம் திருவிழா உண்டு என்று ஊரே ஒப்புக்கொண்டதாக அர்த்தம். ஊருக்குள் சண்டை என்றால் பிடிமண் கொடுக்க மாட்டார்கள், அந்த வருடம் குதிரை கிடையாது. ஒரு ஊர் ஒற்றுமையாக இருக்கிறதா என்று தெரிய வேண்டுமா, பிடிமண் கொடுத்தார்களா என்று பாருங்கள். உங்கள் புரொடியூசருக்கு நல்லிணக்கம் வேண்டுமென்றால் அது அங்கேதான் இருக்கிறது, டிரோனில் இல்லை.

அந்த ஒரு பிடியைக் கண்மாய் மண்ணோடு கலந்துதான் வேலை தொடங்கும். முதலில் நாலு கால். கால் காய்ந்து பாரம் தாங்கும் பக்குவம் வந்தால்தான் மேலே வயிறு ஏறும். அவசரப்பட்டு ஏற்றினால் ராத்திரியோடு உட்கார்ந்துவிடும். பெரியப்பா கட்டைவிரலால் அழுத்திப் பார்ப்பார், அவ்வளவுதான் அளவுகோல். உள்ளே பொள்ளல், கழுத்துப் பக்கம் ஓட்டை விடுவார்கள், இல்லையென்றால் சூளையில் வெடிக்கும். சூளை மூடிய ராத்திரி அவர் தூங்க மாட்டார், யாரோடும் பேசவும் மாட்டார். அப்புறம் வெள்ளை அடித்து வண்ணம் தீட்டிக் கண் திறப்பது. கண் திறந்த பிறகு அது பெரியப்பா செய்த குதிரை இல்லை, ஐயனாருடையது. அவரே எட்டி நின்று கும்பிடுவார்.

அப்புறம் அந்தக் குதிரைகள் மழையில் நனைந்து உடைந்து கிடக்கும். யாரும் ஒட்டுப் போட மாட்டோம். அடுத்த எடுப்புக்கு அடுத்த குதிரை. இந்த உடைந்த குதிரையை வயலின் சத்தத்தோடு காட்டி ‘அழிந்து வரும் கலை’ என்று குரல் கொடுக்கிறார்களே, அதைப் பார்த்தால்தான் எரிச்சல் வரும். உடைந்தால் மண்ணோடு போக வேண்டியதுதான் வழக்கம். எங்களுக்குக் கவலை வேறு. மண் எடுக்க அனுமதி வாங்குவதும் வைக்கோல் விலையும்தான்.

வெளிச்சக்காரன்

இது எனக்குத் தெரியாத பக்கம். பிடிமண்ணிலிருந்தே வருகிறேன், பெரியப்பாவிடம் சொல்லி வையுங்கள்.

இன்னொன்று கேட்க வேண்டும். சாமி வந்து ஆடும்போது முகத்தை நெருக்கத்தில் எடுக்கலாமா? அங்கேதான் படத்தின் உயிர் இருக்கிறது என்று தோன்றுகிறது. ஆனால் அந்த நேரத்தில் அவரிடம் எப்படிக் கேட்பது?

சும்மா ஒருவன்

இதில் கேட்க என்ன இருக்கிறது? நடுத் தெருவில், ஊரே பார்க்க, மைக்செட் போட்டு நடக்கிறது. ஆளாளுக்குப் போனில் எடுத்து ஸ்டேட்டஸ் வைக்கிறான். உங்களுக்கு மட்டும் ஏன் இவ்வளவு யோசனை? எடுத்துத் தள்ளுங்கள்.

கண்மாய்க்கரை

ஊரே பார்க்கிறது, சரி. பார்க்கிறவர்கள் எல்லாம் அவரைத் தெரிந்தவர்கள். மறுநாள் டீக்கடையில் அவரை ‘மாமா’ என்றுதான் கூப்பிடுவார்கள். படத்தில் பார்க்கிறவனுக்கு அவர் நாக்கைத் துருத்தும் ஒரு ஆள். அவ்வளவுதான்.

தேவகோட்டை வீடியோ

நடந்ததைச் சொல்கிறேன். ஒரு ஊரில் நான் எடுத்த சாமியாட்ட வீடியோவை வாடிக்கையாளர் வீட்டுப் பையனிடமிருந்து யாரோ வாங்கிப் பத்து விநாடி வெட்டி, கீழே குத்துப் பாட்டு போட்டு ரீல்ஸில் விட்டுவிட்டார்கள். லட்சக்கணக்கில் பார்த்தார்கள். ஆடினவர் கொத்தனார். வேலைக்குப் போகிற இடமெல்லாம் பையன்கள் அதே மாதிரி ஆடிக் காட்டினார்கள். அடுத்த வருடம் அவர் காப்புக் கட்டவில்லை. அவர் குடும்பத்துக்கு வழிவழியாக வந்த பொறுப்பு அது. அந்தப் பத்து விநாடியோடு நின்றுபோனது.

அதனால் தம்பி, ஆடும்போது கேட்க முடியாது என்பது உண்மைதான். காப்புக் கட்டுகிற அன்றைக்குக் கேள். அன்று அவர் விரதத்தில் உட்கார்ந்திருப்பார், நேரமும் இருக்கும். எங்கே நிற்பாய், எவ்வளவு கிட்டத்தில் வருவாய் என்று அவரே பார்க்கும்படி கேமராவோடு நின்று காட்டு. திருவிழா முடிந்து அவர் வேலைக்குத் திரும்பிய பிறகு எடுத்ததைக் காட்டு. மனைவி மக்களையும் கூட வைத்துக்கொள். ‘இது வேண்டாம்’ என்றால் அங்கேயே வெட்டு. பேரம் பேசாதே.

சும்மா ஒருவன்

எல்லோரையும் கேட்டு வெட்டினால் கடைசியில் கோயில் மணி மட்டும்தான் மிஞ்சும். சங்கடமான விஷயத்தைக் காட்டாத ஆவணப்படத்துக்கும் சுற்றுலாத் துறை விளம்பரத்துக்கும் என்ன வித்தியாசம்?

பள்ளத்தூர் பேத்தி

இந்த இடத்தில் அவர் சொல்வதிலும் நியாயம் இருக்கிறது. ஆனால் சங்கடத்தைக் காட்டுவதற்கு, சாதாரண ஆளின் முகத்தைவிடப் பெரிய இடங்கள் ஊரில் எத்தனையோ உண்டு.

இளையான்குடி மாப்ள

அஸ்ஸலாமு அலைக்கும், வணக்கம். தர்கா சந்தனக்கூடு என்று ஒரே வரியில் முடித்துவிட்டீர்களே, அதற்காக எழுதுகிறேன்.

எங்கள் வீட்டை எடுத்துக்கொள்ளுங்கள். அத்தா வருடம் தவறாமல் ஏர்வாடிக்குப் போவார். என் தம்பி தர்கா வழிபாட்டை ஏற்காத தவ்ஹீத் பக்கம், தர்கா வாசலைக்கூட மிதிக்க மாட்டான். இரண்டு பேரும் ஒரே தட்டில் நோன்பு திறப்பார்கள், கஞ்சியைக் குடித்துக்கொண்டே இதைப் பற்றிச் சண்டையும் போடுவார்கள். படத்தில் தொப்பி, சாம்பிராணிப் புகை, மயிலிறகு என்று மூன்று ஷாட்டில் முஸ்லிம் முடிந்துவிடுவான். தம்பியின் இஸ்லாத்தில் கேமராவுக்குத் தீனியே இல்லை. வெள்ளைச் சுவர், பாய், ஒரு கடிகாரம். அதையும் எடுக்கத் தெரிந்தால்தான் நீங்கள் ஒளிப்பதிவாளர் என்பேன்.

இன்னொன்று, முதுவந்திடல். செட்டிநாட்டுக்குள் வராது, திருப்புவனம் பக்கம். ஆனால் நம் மாவட்டம்தான். பாத்திமா நாச்சியாருக்கு முஹர்ரம் சமயத்தில் அங்கே பூக்குழி இறங்குவது இந்துக்கள். பெண்கள் தலையில் முக்காடு போட்டுக்கொண்டு அதன்மேல் நெருப்புக் கங்கை அள்ளிப் போட்டுக்கொள்வார்கள். வருடா வருடம் பேப்பரில் ‘மத நல்லிணக்கம்’ என்று தலைப்பு வரும். அங்கே குழி இறங்குகிறவர் அதை நல்லிணக்கமாக நினைத்து இறங்குவதில்லை, நேர்த்திக்கடன் தீர இறங்குகிறார். பிள்ளைக்கு உடம்பு சரியில்லாதபோது நேர்ந்துகொண்டிருப்பார், சரியாகிவிட்டது, வந்துவிட்டார். அவரை நிறுத்தி ‘மத ஒற்றுமை பற்றி என்ன நினைக்கிறீர்கள்’ என்று மைக்கை நீட்டினால் நமக்காக ஏதோ சொல்லுவார். பிள்ளைக்கு என்ன ஆச்சு என்று கேளுங்கள், ராத்திரி முழுக்கப் பேசுவார்.

அப்புறம் நோன்புக் கஞ்சி. மத்தியானமே பள்ளிவாசலில் அண்டா ஏறிவிடும். மாலை அஸர் தொழுகைக்குப் பிறகு தூக்குவாளியோடு வரிசை நிற்கும், அதில் பாதிப் பேர் எங்கள் தெருக்காரர்கள் இல்லை. பள்ளிவாசல் நிர்வாகியான முத்தவல்லியிடம் நான் பேசுகிறேன். பெண்கள் தொழும் பக்கம் மட்டும் கேட்காதீர்கள்.

ஓரியூர் பாதை

தேவகோட்டையிலிருந்து திருவாடானை வழியாக ஓரியூருக்குச் சின்ன வயதிலிருந்து போய்வருகிற கத்தோலிக்கக் குடும்பம் எங்களுடையது. அருளானந்தர் என்றால் தெரியாதவர்களுக்கு: ஜான் டி பிரிட்டோ, 1647-இல் லிஸ்பனில் பிறந்த இயேசு சபைக் குரு. காவி கட்டி, புலால் விட்டு, மறவ நாட்டில் ஊர் ஊராக நடந்தவர். ராமநாதபுரம் சேதுபதி அரச குடும்பத்தோடு ஏற்பட்ட பகையில் 1693 பிப்ரவரி 4 அன்று ஓரியூரில் தலை வெட்டப்பட்டார். 1947-இல் புனிதர் பட்டம் கிடைத்தது. அங்கே மண் சிவப்பு. அவர் ரத்தம் பட்டுச் சிவந்தது என்று சொல்லி எல்லாச் சாமி கும்பிடுகிறவர்களும் முந்தானையில் முடிந்து எடுத்துப் போவார்கள்.

எனக்கு இருக்கும் கவலை, இந்தக் கொலைக் கதையை எப்படிச் சொல்லுவீர்கள் என்பது. ‘இந்து ராஜா கிறிஸ்தவச் சாமியாரைக் கொன்றான்’ என்று ஒரு வரி போட்டால் இன்றைக்கு வாட்சப்பில் அது என்னவாகும் என்று தெரியும்தானே? மறவ இளவரசர் தடியத்தேவர் மதம் மாறியதும், ஒரு மனைவியோடு வாழ வேண்டும் என்று மற்றவர்களை விலக்கியதும், அதில் ஒருத்தி சேதுபதிக்கு உறவு என்பதும் சேர்ந்தால்தான் கதை முழுசு. அது குடும்பச் சண்டை, அரசியல் சண்டை, மதச் சண்டை மூன்றும்தான். நேரம் இல்லையென்றால் கதையே வேண்டாம், மண் எடுக்கிற கையை மட்டும் காட்டுங்கள்.

திருப்பலியில் குரு அப்பத்தை உயர்த்திக் காட்டும் எழுந்தேற்றம் நடக்கும்போது கேமராவைத் தூக்கிக்கொண்டு நடக்காதீர்கள். பங்குத்தந்தை ஒன்றும் சொல்ல மாட்டார், பின்னால் முழங்காலில் இருக்கிற பாட்டி சொல்லுவார்.

வடம் பிடிப்பவன்

எல்லோரும் அழகாகப் பேசுகிறீர்கள். நான் ஒன்று கேட்கிறேன். கண்டதேவி தேர் இந்தப் படத்தில் வருமா?

தேவகோட்டைக்குப் பக்கத்திலேயே சொர்ணமூர்த்தீஸ்வரர் கோயில். வடம் பிடிப்பதில் பட்டியல் சாதியினருக்கு உரிமை உண்டா என்ற பிரச்சினையில் பல வருடம் வழக்கு, இழுபறி, தேர் ஓடாமல் நின்றது. 2024-இல் நீதிமன்றம் தலையிட்டு, போலீஸ் குவிந்து நிற்க, தேர் மறுபடி ஓடியது. மூன்று மதம் ஒற்றுமை என்று காட்டுவது சுலபம். ஒரே மதத்துக்குள், ஒரே வடத்தில், யார் கை படலாம் என்பதுதான் இந்த மண்ணில் கஷ்டமான கேள்வி. சர்ச்சுக்குள்ளும் தனிக் கல்லறை இருந்த ஊர்கள் தமிழ்நாட்டில் உண்டு. ‘பலதரப்பட்ட சமயச் சமூகங்கள்’ என்று போஸ்டர் அடித்துவிட்டு இதை விட்டால் நான் அந்தப் படத்தைப் பார்க்க மாட்டேன்.

சும்மா ஒருவன்

பேத்தி சொன்ன பெரிய இடம் வந்துவிட்டது.

தேவகோட்டை வீடியோ

தேரை எடுக்கலாம். ஆனால் தம்பி, அதற்குத் தனிப் படம் வேண்டும். இரண்டு நிமிடம் காட்டிவிட்டு அடுத்துச் சந்தனக்கூடு என்று தாண்டினால் இரண்டு பக்கமும் அடிப்பார்கள், அடிப்பதில் தப்பும் இல்லை.

மட்டுறுத்துநர்

சாதிப் பெயர் சொல்லித் திட்டிய இரண்டு பதிவுகளை எடுத்துவிட்டேன். தேரைப் பற்றிப் பேசலாம், ஆளைப் பற்றி வேண்டாம்.

மூணாவது அசிஸ்டெண்ட்

சரி, வெளிச்சத்துக்கு வருவோம். யாரும் பதில் சொல்லவில்லை.

அகல் விளக்கின் நிற வெப்பநிலை 1900 கெல்வின் பக்கம். கேமராவை அதற்குச் சரிசெய்தால் நெருப்பு வெள்ளையாகி, மற்ற இடம் நீலமாகிவிடும். 3200-இல் வைத்துவிட்டால் விளக்கு விளக்காகத் தெரியும். இரட்டை பேஸ் ஐஎஸ்ஓ, அதாவது வெளிச்சத்துக்கும் இருட்டுக்கும் தனித்தனி அடிப்படை உணர்திறன் இருக்கிற கேமரா எடுங்கள். சோனி எஃப்எக்ஸ்3-இல் 800, 12800 என்று இரண்டு உண்டு. இழை எடுக்கிற வீட்டில் விளக்கை அணைத்தாலும் 12800-இல் முகம் வரும். எஃப் 1.4 பிரைம் லென்ஸில் முழுக்கத் திறந்து எடுத்தால் சுடர் ஷார்ப், வாய் அவுட் என்று ஆகும். 2.8-க்கு இறக்கிக்கொள்ளுங்கள்.

பெரிய தலைவலி சீரியல் செட் விளக்கு. மலிவு எல்இடி பயங்கரமாகத் துடிக்கும், கண்ணுக்குத் தெரியாது, திரையில் பட்டை பட்டையாக ஓடும். நம் மின்சாரம் 50 ஹெர்ட்ஸ். 25 பிரேமில் ஷட்டர் 1/50 வைத்தால் டியூப்லைட் அடங்கும், 24 பிரேம் என்றால் ஷட்டர் கோணம் 172.8 டிகிரி. ஆனால் திருவிழா ஓடுவது ஜெனரேட்டரில். லோடு ஏறினால் அது 48-க்கும் இறங்கும், அப்போது மேலே சொன்ன கணக்கு எதுவும் எடுபடாது. ஷட்டரைப் புள்ளி புள்ளியாக நகர்த்தி மானிட்டரைப் பார்த்துக்கொண்டே நிறுத்த வேண்டும். சாமி புறப்படுவதற்கு முன்னாலேயே பார்த்து வைத்துவிடுங்கள்.

பூக்குழிக்கு நெருப்பை வைத்து எக்ஸ்போஸ் செய்யுங்கள். கரையில் இருக்கிற கூட்டம் இருட்டில் போனால் போகட்டும், இறங்குகிறவர் கங்குக்கு மேலே வரும்போது கீழிருந்தே முகத்தில் வெளிச்சம் விழும். அங்கே போய் எல்இடி பேனல் பிடிக்காதீர்கள். நெருப்பில் நடக்கிறவர் கண்ணில் விளக்கு அடிப்பது மரியாதை இல்லை என்பது ஒருபுறம், ஆபத்தும்கூட.

கோட்டையூர்

வயதானவன், மெதுவாகத்தான் தட்டச்சு செய்வேன்.

இந்தப் பக்கத்துக்கும் கேமராவுக்கும் பழைய உறவு உண்டு. எங்கள் ஊர் ஏ. கே. செட்டியார் காந்தியைப் பற்றி எடுத்த ஆவணப்படம் 1940-இல் வெளிவந்தது. அதில் அவரே எடுத்ததைவிட, பல நாடுகளில் பலர் ஏற்கெனவே எடுத்து வைத்திருந்ததைத் தேடிப் பிடித்துச் சேர்த்தது அதிகம். அதற்காக உலகத்தைச் சுற்றினார், 50,000 அடி பிலிம் சேர்த்தார். ஏவி. மெய்யப்பனார் காரைக்குடியில் தேவகோட்டை ரோட்டில் கீற்றுக் கொட்டகை போட்டு ஸ்டூடியோ நடத்தி, 1947 பொங்கலுக்கு ‘நாம் இருவர்’ கொடுத்தது எல்லோருக்கும் தெரியும். ஏ. கே. செட்டியாருடைய வேலைதான் பலருக்குத் தெரியாது.

எதற்குச் சொல்கிறேன் என்றால், தம்பி நீ இந்த வருடத்தை மட்டும் எடுத்தால் ‘இன்று’ மட்டும்தான் இருக்கும். இந்தத் திருவிழாக்களை எல்லாம் நாற்பது வருடமாக உள்ளூர் வீடியோக்காரர்கள் எடுத்திருக்கிறார்கள். குன்றக்குடியில் ஆதீனத் தலைவராக இருந்த பெரிய அடிகளார் பேசிய மேடைகள், அவருக்குப் பக்கத்தில் பாதிரியாரும் ஆலிமும் உட்கார்ந்திருந்தது, கண்ணால் பார்த்தவன் நான். 1982-இல் மண்டைக்காட்டுக் கலவரம் நடந்தபோது நேரில் போய் அமைதிக்கு நின்றவர் அவர். அவரை யாராவது டேப்பில் பிடித்திருப்பார்கள். அந்த டேப்புகள் எங்கே?

தேவகோட்டை வீடியோ

ஐயா, என் பரணில் இருக்கின்றன. விஹெச்எஸ் ஒரு பீரோ நிறைய, மினி டிவி (MiniDV) கேசட் இரண்டு அட்டைப்பெட்டி. புரவி எடுப்பு, தேர்ப் பவனி, சந்தனக்கூடு, எல்லாம் கலந்து கிடக்கும். சிலதில் பூஞ்சை பிடித்துவிட்டது. மேலே ஊர் பெயர்கூட எழுதவில்லை, போட்டுப் பார்த்தால்தான் தெரியும்.

கண்மாய்க்கரை

அதில் எங்கள் தாத்தா குதிரைக்குக் கண் திறக்கிற டேப் இருக்கும் அண்ணே. நீங்கள்தான் எடுக்க வந்தீர்கள் என்று பெரியப்பா சொல்லுவார்.

வெளிச்சக்காரன்

எல்லாவற்றையும் இரண்டு தடவை படித்தேன். புரொடியூசரிடம் நேற்றுப் பேசினேன். டிரோன் ஷாட்டுக்கு டெலி லென்ஸ் கணக்கு வேலை செய்தது. ஆனால் நல்லிணக்கம் என்ற தலைப்பை விடமாட்டேன் என்கிறார், அதில் இன்னும் இழுபறி. கண்டதேவியைச் சேர்க்கலாமா என்றதும் போனில் சத்தமே இல்லை, அப்புறம் ‘பட்ஜெட் இடிக்கும்’ என்றார். வடம் பிடிப்பவன், உங்களுக்கு இப்போதைக்கு என்னால் சொல்ல முடிந்தது இதுதான்: தேரை இந்தப் படத்தில் இரண்டு நிமிடமாக நுழைக்க மாட்டேன். அவர் பணம் இல்லாமல் தனியாகச் செய்ய வழி பார்க்கிறேன். நீங்கள் கூட இருந்தால்தான் செய்வேன்.

வரிசையை மாற்றிவிட்டேன். பிடிமண்ணில் தொடங்கி, கஞ்சி அண்டா, இழை, ஓரியூர் மண். ஊர்வலங்களைக் குறைத்து, அதற்கு முன்னால் நடக்கும் வேலையைக் கூட்டுகிறேன். ஒவ்வொரு ஊரிலும் எடுத்ததை அந்த ஊர் மந்தையில் முதலில் போட்டுக் காட்டிவிட்டுத்தான் எடிட்டை முடிப்பது. ஜமாஅத்துக்கும் பங்குக்கும் கோயிலுக்கும் வேளார் வீட்டுக்கும் ஒரு ஹார்டு டிஸ்க் பிரதி கொடுப்பதை ஒப்பந்தத்திலேயே எழுதச் சொல்லியிருக்கிறேன்.

தேவகோட்டை அண்ணே, டேப்புகளை நானே வந்து டிஜிட்டல் ஆக்கித் தருகிறேன். விசிஆர் ஓடுகிறதா?

தேவகோட்டை வீடியோ

ஹெட் போய்விட்டது தம்பி. மினி டிவி கேமரா இருக்கிறது, ஃபயர்வயர் கேபிள் இல்லை. ஒயர் கிடைத்தாலும் இந்தக் காலத்துக் கம்ப்யூட்டரில் எங்கே செருகுவது?

ஒலிப்பெட்டி

என்னிடம் ஃபயர்வயர் போர்ட் உள்ள பழைய மேக் ஒன்று இருக்கிறது, ஓடும். விசிஆருக்கு மதுரையில் ஒரு மெக்கானிக் இன்னும் ஹெட் மாற்றுகிறார், எண்ணைத் தனி மடலில் அனுப்புகிறேன். பூஞ்சை பிடித்த டேப்பை நேராக மிஷினில் போட்டுவிடாதீர்கள், ஹெட் மறுபடி போய்விடும். முதலில் நல்ல டேப்புகளைப் பிரித்து வையுங்கள், ஞாயிற்றுக்கிழமை வருகிறேன்.

கண்மாய்க்கரை

நானும் வருகிறேன். பெரியப்பாவும் வருவார் என்கிறார், மாடி ஏற முடியாது, கீழேயே டிவி வையுங்கள் அண்ணே.